பிறந்தபோது யார் பக்கத்தில் இருந்தார்கள்?

பல ஆண்டுகளாக நான் ஒரு குறிப்பேடு வைத்திருக்கிறேன். படித்ததிலும் கேட்டதிலும், "இப்படியும் உண்டா?" என்று ஒரு கணம் நிற்கவைத்த செய்திகளை அதில் ஒற்றை வரியாக எழுதிவைப்பது என் வழக்கம். கிளியோபாட்ரா வாழ்ந்த காலம், கிசாவின் பெரிய பிரமிடு எழுந்த காலத்தைவிட மனிதன் நிலவில் இறங்கிய காலத்துக்கே நெருக்கமானது என்பது அதில் ஒரு வரி. மெக்சிகோவின் ஆஸ்டெக் மக்கள் 1325இல் டெனோச்டிட்லான் நகரை நிறுவியதற்கு இரு நூற்றாண்டுகளுக்கு முன்பே ஆக்ஸ்ஃபோர்டில் பாடம் நடந்துகொண்டிருந்தது என்பது இன்னொரு வரி. இவற்றை வீட்டாரிடமும் நண்பர்களிடமும் சொல்லும்போது அவர்கள் புருவம் உயர்வதைப் பார்ப்பதில் எனக்கு உண்மையான மகிழ்ச்சி உண்டு. உலகம் நாம் நினைத்ததைவிடப் பெரியது என்பதை ஒருவருக்குக் காட்டிவிட்ட மகிழ்ச்சி அது.

அந்தக் குறிப்பேட்டை என் தம்பி மகளுக்கு வாசித்துக் காட்டிக்கொண்டிருந்த ஒரு மாலையில்தான் இந்தக் கட்டுரைக்கான விதை விழுந்தது. அவளுக்கு ஒன்பது வயது. "கிரீன்லாந்து சுறா 400 ஆண்டுகள் வாழும்" என்ற வரியை நான் படித்ததும் அவள் புருவம் உயரவில்லை. சற்று நேரம் யோசித்துவிட்டு, "அது பொறந்தப்போ யாரு அத்தை பக்கத்துல இருந்தாங்க?" என்று கேட்டாள். விஞ்ஞானிகள் கண்டுபிடித்திருக்கிறார்கள் என்று பதில் சொன்னேன். "எப்படி?" என்றாள். எனக்குத் தெரியவில்லை. அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாமல் விளையாடப் போய்விட்டாள்; நான்தான் அந்த வரியைத் தாண்டிப் போக முடியாமல் உட்கார்ந்திருந்தேன். 400 ஆண்டுகளுக்கு முன் கடலடியில் பிறந்த ஒரு மீனின் வயதை யாரும் எண்ணிக்கொண்டிருந்திருக்க முடியாது. எண்ணாத ஒன்றை எப்படி அறிந்தார்கள் என்று ஒருமுறைகூடக் கேட்காமல், அதை இத்தனை ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன்.

விழிக்குள் இருந்த நாட்குறிப்பு

தேடத் தொடங்கியபோதுதான் அந்தக் கேள்வி எவ்வளவு கடினமானது என்று புரிந்தது. பெரும்பாலான மீன்களின் வயதை அறிய ஒரு வழி இருக்கிறது. அவற்றின் செவிக்குள் உள்ள சிறு கற்களில், மரத்தண்டின் வளையங்களைப் போல, ஆண்டுதோறும் ஒரு படலம் சேர்கிறது. செவியில் அத்தகைய கற்கள் இல்லாத சுறாக்களில் சிலவற்றுக்கு முதுகெலும்புக் கணுக்களில் சுண்ணம் படிந்து வளையங்கள் உருவாகும். கிரீன்லாந்து சுறாவுக்கு இரண்டு வழியும் இல்லை. அதன் உடலில் வளையம் படியும் அளவுக்குக் கடினமான பகுதியே கிடையாது. அது மிக மெதுவாக வளர்கிறது என்பது மட்டும் முன்பே தெரிந்திருந்தது. 1936இல் அளந்து, அடையாளமிட்டு விடப்பட்ட ஒரு சுறா 16 ஆண்டுகள் கழித்து மீண்டும் பிடிபட்டபோது 8 சென்டிமீட்டர் மட்டுமே வளர்ந்திருந்தது. ஐந்து மீட்டருக்கு மேல் வளரக்கூடிய ஒரு விலங்கு ஆண்டுக்கு அரை சென்டிமீட்டர் வளர்ந்தால் அதன் ஆயுள் எவ்வளவு இருக்கும் என்ற வியப்பு அன்றே எழுந்திருக்க வேண்டும். ஆனால் வியப்பு வேறு, அளவை வேறு.

அளவை 2016இல் வந்தது. கோபன்ஹேகன் பல்கலைக்கழகத்தின் யூலியஸ் நீல்சனும் அவருடைய குழுவினரும் சுறாவின் கண்ணுக்குள் தேடினார்கள். கண்ணின் வில்லை (லென்ஸ்) வெங்காயத்தைப் போலப் படலம் படலமாக வளர்வது. அதன் மையம் குட்டி தாயின் வயிற்றில் இருக்கும்போதே உருவாகிவிடுகிறது. உடலின் பிற பகுதிகள் ஓயாமல் தேய்ந்து புதுப்பிக்கப்பட, அந்த மையத்தின் புரதம் மட்டும் ஒருமுறை உருவானபின் மாறுவதே இல்லை. பிறப்புக்கு முன் தாய் தின்ற உணவிலிருந்து வந்த கார்பன் அணுக்கள் இறுதிவரை அங்கேயே இருக்கின்றன. அருகில் யாரும் இல்லாத பிறப்புக்கு அந்த அணுக்கள்தாம் சாட்சி.

அந்தச் சாட்சியத்தை எப்படி வாசித்தார்கள் என்பதைப் படித்தபோதுதான் நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். 1950களின் நடுவிலிருந்து, அத்தகைய சோதனைகளைத் தடைசெய்த 1963ஆம் ஆண்டு உடன்படிக்கை வரையில், வல்லரசுகள் திறந்த வெளியில் வெடித்த அணுகுண்டுகளால் வட அரைக்கோளத்தின் காற்றில் கார்பன்-14 என்ற கதிரியக்கக் கார்பன் ஏறத்தாழ இரு மடங்காயிற்று. அது கடலின் மேற்பரப்பில் கரைந்தது. மிதவை உயிரிகள் அதை உண்டன, அவற்றைச் சிறுமீன்கள் உண்டன, அவற்றைப் பெருமீன்கள் உண்டன. கடைசியில், எந்த வெடிச்சத்தமும் எட்டாத ஆர்க்டிக் கடலின் ஆழத்தில், தாய்ச்சுறாவின் வயிற்றில் இருந்த குட்டியின் விழிவில்லைக்குள் அது போய்ச் சேர்ந்தது. 2010க்கும் 2013க்கும் இடையில் கிடைத்த 28 பெண் சுறாக்களை ஆராய்ந்தபோது, மிகச் சிறியவற்றின் விழி மையத்தில் குண்டின் தடம் தெளிவாக இருந்தது. அப்படியானால் அவை அணுகுண்டுக் காலத்துக்குப் பின் பிறந்தவை. பெரியவற்றில் அந்தத் தடம் இல்லை; அவை அதற்கு முன் பிறந்தவை. தடம் இருப்பதற்கும் இல்லாததற்கும் நடுவில் விழும் கோடு, ஓர் உடலளவை ஏறத்தாழ ஓர் ஆண்டோடு பிணைக்கிறது. அந்த முடிச்சைப் பற்றிக்கொண்டு, பெரிய சுறாக்களின் விழி மையத்தில் எஞ்சியிருந்த கார்பன்-14 அளவையும் அவற்றின் நீளத்தையும் கடல்நீரின் பழைய கார்பன் வரலாற்றோடு ஒப்பிட்டு அவர்கள் பின்னோக்கிக் கணக்கிட்டார்கள்.

மிகப் பெரிய சுறாவின் நீளம் 5.02 மீட்டர். அதன் வயது 392 ஆண்டுகள், கூட்டியோ குறைத்தோ 120 ஆண்டுகள். அதாவது 272க்கும் 512க்கும் இடையில் எங்கோ ஓரிடம். என் குறிப்பேட்டில் இருந்த 400 என்ற எண்ணுக்கு அருகில் அந்த 120 இல்லை. யாரோ ஒருவர் சுருக்கி எழுதும்போது அது உதிர்ந்திருக்கிறது. உதிர்ந்ததை நானும் கவனிக்கவில்லை. ஆராய்ச்சியாளர்கள் "இவ்வளவுதான் எங்களுக்குத் தெரியும்" என்று அடக்கத்தோடு வைத்த எல்லைக்கல்லை நாங்கள் எல்லோரும் சேர்ந்து பிடுங்கி எறிந்திருக்கிறோம். 272 என்ற குறைந்த எல்லையை மட்டும் எடுத்துக்கொண்டாலும், முதுகெலும்புள்ள விலங்குகளில் அறியப்பட்டவற்றுள் அதுவே மிக நீண்ட ஆயுள். உதிர்த்துச் சொல்ல வேண்டிய தேவையே இருந்ததில்லை.

ஈட்டி, வெடிகணை, அணுகுண்டு

அந்த எண்ணைத் திருத்தி எழுதியதோடு முடிந்திருக்கலாம். அன்றிரவு குறிப்பேட்டைப் புரட்டியபோது வேறு இரண்டு வரிகள் கண்ணில் பட்டன. அவை வெவ்வேறு ஆண்டுகளில், ஒன்றோடொன்று தொடர்பில்லாமல் எழுதிவைத்தவை.

முதல் வரி ஒரு செங்கால் நாரையைப் பற்றியது. குளிர்காலத்தில் பறவைகள் எங்கே போகின்றன என்பது ஐரோப்பியர்களுக்கு நெடுங்காலம் விடை தெரியாத கேள்வியாக இருந்தது. சில பறவைகள் பொந்துகளில் உறங்குகின்றன என்றும், ஒரு வகை இன்னொரு வகையாக உருமாறுகிறது என்றும் அரிஸ்டாட்டில் எழுதினார். குளத்தடிச் சேற்றில் தைலான் குருவிகள் கூட்டமாக உறங்குகின்றன என்ற நம்பிக்கை 16ஆம் நூற்றாண்டு நூல்களில் படத்தோடு அச்சேறியது. 17ஆம் நூற்றாண்டில் சார்லஸ் மார்ட்டன் என்ற ஆங்கிலேயர் அவை நிலவுக்குப் போய்வருகின்றன என்று முறையாக வாதிட்டார். 1822இல் ஜெர்மனியின் மெக்லன்பர்க் பகுதியில், கிளூட்ஸ் என்ற ஊருக்கு அருகில் ஒரு நாரை சுடப்பட்டது. அதன் கழுத்தை ஊடுருவி, ஏறத்தாழ 80 சென்டிமீட்டர் நீளமுள்ள ஓர் ஈட்டி நின்றிருந்தது. அது ஆப்பிரிக்காவில் செய்யப்பட்டது. கழுத்தில் ஈட்டியோடு அந்தப் பறவை பாலைவனத்தையும் கடலையும் கடந்து, தன் கூட்டுக்குத் திரும்பியிருக்கிறது. திரும்பிய இடத்தில் குண்டடிபட்டு இறந்திருக்கிறது. பதப்படுத்தப்பட்ட அதன் உடல், ஈட்டியோடு, இன்றும் ரோஸ்டாக் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது.

இரண்டாவது வரி வில்தலைத் திமிங்கிலத்தைப் பற்றியது. 2007இல் அலாஸ்கா கடற்கரைக்கு அப்பால் பழங்குடி வேட்டையர் பிடித்த ஒரு திமிங்கிலத்தின் கழுத்துப் பகுதிக் கொழுப்புக்குள் ஓர் உலோகத் துண்டு புதைந்திருந்தது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அமெரிக்கத் திமிங்கில வேட்டையர் பயன்படுத்திய வெடிகணையின் முனை அது. அந்த வகைக் கணை எந்தக் காலத்தில் செய்யப்பட்டது என்பது தெரியும் என்பதால், அந்தத் திமிங்கிலம் நூறு ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தது என்று உறுதியாகச் சொல்ல முடிந்தது. முதல் வேட்டையில் தப்பி, ஒரு நூற்றாண்டு அந்த உலோகத்தைச் சுமந்து நீந்தி, இரண்டாவது வேட்டையில் அது இறந்தது.

நாரை, திமிங்கிலம், சுறா. மூன்று வரிகளையும் இயற்கையின் விந்தை என்றுதான் தலைப்பிட்டு எழுதியிருந்தேன். "யார் பக்கத்தில் இருந்தார்கள்?" என்ற கேள்வியோடு மறுபடி படித்தபோது மூன்றுக்கும் ஒரே விடை வந்தது. ஆயுதம் இருந்தது. நாரை எங்கே போனது என்பதை ஈட்டி சொன்னது. திமிங்கிலம் எவ்வளவு காலம் வாழ்ந்தது என்பதை வெடிகணை சொன்னது. சுறாவின் பிறப்புக்கு அணுகுண்டு தேதி குறித்தது. இயற்கை தானாகத் திறந்து காட்டிய இரகசியங்கள் என்று நான் வியந்தவை, நாம் ஏற்படுத்திய காயத்தின் தழும்பில் நாமே படித்த எழுத்துகள். மிகப் பெரிய அந்தச் சுறாவுக்கோ விழியின் மையத்தில் தழும்பு இல்லை. நம் கைபடாத கடலில் பிறந்ததற்கு அந்த இன்மையே சான்று. அதையும் நாம் அறிந்துகொண்டது அது இறந்தபின்தான். அந்த 28 சுறாக்களும் பெரும்பாலும் வேறு மீன்களுக்காக இட்ட வலைகளில் தவறிச் சிக்கியவை.

இந்த எண்ணம் பல நாள்கள் என்னை விடவில்லை. இவற்றை இனிக் குழந்தைகளிடம் சொல்லலாமா என்றுகூட யோசித்தேன். ஆனால் சொல்லாமல் விடுவது சரியான தீர்வாக எனக்குப் படவில்லை. காயத்தை மறைத்துவிட்டு வியப்பை மட்டும் எடுத்துக் கொடுப்பதுதான் இத்தனை காலம் நான் செய்துவந்தது. நாரைக்கும் திமிங்கிலத்துக்கும் நான் செலுத்தக்கூடிய குறைந்தபட்ச மரியாதை, அவற்றைப் பற்றிய செய்தி எந்த வழியாக வந்தது என்பதையும் சேர்த்துச் சொல்வது என்ற முடிவுக்கு வந்தேன்.

வௌவாலிடம் கேட்ட இரண்டு விதம்

அந்த முடிவுக்குப் பின் குறிப்பேட்டின் ஒவ்வொரு வரிக்கும் பின்னால் போகத் தொடங்கினேன். அதில் என்னை மிகவும் பாதித்தது வௌவால்.

வௌவால் எதிரொலியைக் கொண்டு வழி அறிகிறது என்பது இன்று பள்ளிப் பாடம். 1793இல் இத்தாலியில் லாசரோ ஸ்பல்லன்சானி என்ற இயற்கை ஆய்வாளர் இதை ஆராயத் தொடங்கினார். தான் வளர்த்த ஆந்தை, மெழுகுவத்தி அணைந்ததும் சுவரில் மோதியதையும், வௌவால்கள் அதே இருட்டில் தடையின்றிப் பறந்ததையும் அவர் கவனித்தார். வௌவால்களின் கண்களைக் கட்டிப் பார்த்தார். பிறகு கண்களையே அழித்துப் பார்த்தார். அவை தொங்கவிட்ட நூல்களுக்கிடையில் முன்போலவே பறந்தன. ஜெனீவாவைச் சேர்ந்த லூயி ஜூரின் செவிகளை அடைத்துப் பார்த்தபோது அவை தடுமாறி மோதின. ஸ்பல்லன்சானி அதை மீண்டும் செய்து உறுதிப்படுத்திக்கொண்டார். காதால் வழி அறிகின்றன என்ற முடிவை அக்காலத்து அறிஞர்கள் ஏற்கவில்லை; எந்த ஒலியும் கேட்கவில்லையே என்பது அவர்களுடைய நியாயமான ஐயம். பெரும் செல்வாக்குப் பெற்றிருந்த பிரெஞ்சு விலங்கியலாளர் ஜார்ஜ் குவியே, வௌவால்கள் தொடுவுணர்வால் வழி அறிகின்றன என்றார். ஒரு நூற்றாண்டுக்கு மேலாக அதுவே நிலைத்தது. ஸ்பல்லன்சானி 1799இல் இறந்தார்.

விடை 1938இல் கிடைத்தது. ஹார்வர்டில் டொனால்ட் கிரிஃபின் என்ற மாணவர், மனிதக் காதுக்கு எட்டாத ஒலிகளைப் பிடிக்கும் கருவி ஒன்றை ஜி. டபிள்யூ. பியர்ஸ் என்ற இயற்பியலாளர் உருவாக்கியிருப்பதை அறிந்து, கூண்டில் வௌவால்களோடு அவரிடம் போனார். கருவியின் முன் வைத்ததும், ஊமை என்று கருதப்பட்ட அந்த உயிரினம் ஓயாமல் குரல் எழுப்பிக்கொண்டிருப்பது கேட்டது. கண்ணை அழித்த சோதனை, வௌவாலுக்குக் கண் தேவையில்லை என்பதை மட்டுமே காட்டியது. அது என்ன செய்கிறது என்பதைக் காட்டவில்லை. காது கொடுத்துக் கேட்டபோதுதான் அது தெரிந்தது. ஸ்பல்லன்சானியை நான் குறைத்து மதிப்பிடவில்லை. அவருடைய காலத்தில் அந்தக் கருவி இல்லை. ஆயினும் பார்வை இழந்த அந்த வௌவால்களையும், அவற்றின் சாட்சியம் 145 ஆண்டுகள் நம்பப்படாமல் கிடந்ததையும் நினைக்கும்போது மனம் கனக்கிறது. நாரைகள் விஷயத்திலும் இப்படி ஒரு மாற்றம் நிகழ்ந்தது. 1899இல் டென்மார்க்கில் ஹான்ஸ் கிறிஸ்டியான் மார்ட்டென்சன் என்ற ஆசிரியர், எண் பொறித்த அலுமினிய வளையங்களை மைனா இனத்தைச் சேர்ந்த ஸ்டார்லிங் பறவைகளின் கால்களில் மாட்டிப் பறக்கவிட்டார். பின்னர் நாரைகளுக்கும் மாட்டினார். ஈட்டி சொன்ன செய்தியை அதன்பின் வளையங்கள் சொல்லத் தொடங்கின.

வேறு சில வரிகளுக்குப் பின்னால் போனபோது அங்கே எவருமே இல்லை. சீனப் பெருஞ்சுவர் நிலவிலிருந்து தெரியும் என்று எழுதிவைத்திருந்தேன். ஏறத்தாழ ஆறு மீட்டர் அகலமுள்ள ஒன்றை 3,84,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருந்து பார்ப்பது, ஒரு தலைமயிரை நான்கு கிலோமீட்டருக்கு மேற்பட்ட தொலைவிலிருந்து பார்ப்பதற்குச் சமம். மனிதன் விண்வெளிக்குப் போவதற்கு முன்பே இந்தக் கூற்று அச்சில் வந்துவிட்டது. 2003இல் பூமியைச் சுற்றிவந்த சீன விண்வெளி வீரர் யாங் லிவெய், சுவர் தம் கண்ணுக்குத் தெரியவில்லை என்றே சொன்னார். வட ஐரோப்பாவின் பழங்காலக் கடலோடிகளான வைக்கிங்குகளின் கொம்பு வைத்த தலைக்கவசமும் அப்படித்தான்: 1876இல் ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரின் இசைநாடகத்துக்குக் கார்ல் எமில் டோப்லர் வரைந்த உடைகளால் பரவிய தோற்றம் அது. 1943இல் நார்வேயின் கியெர்முண்ட்பு என்ற இடத்தில் கிடைத்த உண்மையான வைக்கிங் கவசத்தில் கொம்பு இல்லை. இரண்டு வரிகளையும் அடித்துவிட்டேன்.

நம் உடல் ஏழு ஆண்டுகளுக்கு ஒருமுறை முழுவதும் புதிதாகிறது என்ற வரியையும் அடிக்க வேண்டியிருந்தது. அதை அடிக்கவைத்ததும் அணுகுண்டுதான். காற்றில் கார்பன்-14 எந்த ஆண்டு எவ்வளவு இருந்தது என்பதை வைத்து, மனித உடலின் உயிரணுக்களுக்கு வயது கணிக்கும் முறையை 2005இல் ஸ்வீடனின் கரோலின்ஸ்கா நிறுவனத்தார் வெளியிட்டார்கள். குடலின் உட்படலம் சில நாள்களிலேயே புதிதாகிவிடுகிறது. பெருமூளையின் வெளிப்புற அடுக்கான புறணியின் நரம்பணுக்களோ நம்மோடு பிறந்து நம்மோடு முதுமையடைகின்றன. 2008இல் டென்மார்க்கில் மனிதரின் விழிவில்லையையும் இதே முறையில் ஆராய்ந்து, அவர் பிறந்த ஆண்டைக் கணிக்கலாம் என்று காட்டினார்கள். 1950களின் பிற்பகுதிக்குப் பின் பிறந்த எவருடைய கண்ணுக்குள்ளும் அந்தச் சிறிய சுறாக்களிடம் இருந்த தடமே இருக்கிறது. அதைப் படித்த இரவில் கண்ணாடியின் முன் நெடுநேரம் நின்றிருந்தேன்.

சில வாரங்களுக்குப் பிறகு தம்பி மகளிடம் சுறாவின் கதையை முழுவதும் சொன்னேன். விழிவில்லையையும் குண்டையும் 120 ஆண்டுக் கூடுதல் குறைவையும் வலையில் சிக்கியதையும் விடவில்லை. குறுக்கே பேசாமல் கேட்டாள். "செத்ததுக்கு அப்புறம்தான் தெரிஞ்சுதா?" என்று மட்டும் கேட்டாள். ஆமாம் என்றேன். பிறகு வேறொன்று சொல்லச் சொன்னாள்.

ஐரோப்பிய விலாங்கு மீனைப் பற்றிச் சொன்னேன். அது சேற்றிலிருந்து தானாகப் பிறக்கிறது என்று அரிஸ்டாட்டில் நம்பினார், ஏனென்றால் முட்டையுள்ள விலாங்கை எவரும் பார்த்ததில்லை. 1876இல் சிக்மண்ட் ஃபிராய்டு, மனநல ஆய்வுக்கு வருவதற்கு வெகுகாலம் முன், டிரியெஸ்ட் என்ற துறைமுக நகரில் ஆண் விலாங்கின் விதைப்பைகளைத் தேடி ஏறத்தாழ 400 மீன்களை அறுத்துப் பார்த்தும் தெளிவான விடை காணவில்லை. டென்மார்க்கின் யோஹான்னஸ் ஷ்மிட் 1904 முதல் பல ஆண்டுகள் அட்லாண்டிக் முழுவதும் வலைவீசி, விலாங்கின் இளம்புழுக்களை அளந்துகொண்டே போனார். மேற்கே போகப்போக அவை சிறியனவாயின. மிகச் சிறியவை சர்காசோ கடலில் கிடைத்தன. அங்கேதான் அவை பிறக்க வேண்டும் என்று 1920களில் அறிவித்தார். முதுகில் கருவி பொருத்தி விடப்பட்ட விலாங்குகள் சில அந்தக் கடலை எட்டியதை ஆய்வாளர்கள் 2022இல் வெளியிட்டார்கள். ஆனால் அங்கே அவை முட்டையிடுவதை இன்றுவரை எவரும் பார்த்ததில்லை; ஒரு முட்டைகூட அந்தக் கடலிலிருந்து கிடைத்ததில்லை.

"அப்போ அது பொறக்கும்போது பக்கத்துல யாருமே இல்லையா?" என்றாள்.

"இதுவரைக்கும் இல்லை, கண்ணு" என்றேன். குறிப்பேட்டை என் கையிலிருந்து வாங்கி, விலாங்கு என்று எழுதி, அதன் அருகில் அந்த விடையைத் தன் கையெழுத்தில் எழுதிவைத்தாள்.